கோயில், பிரிவு, புள்ளி: மரத் தரவமைப்பை நாமே கட்டிப் பார்ப்போம்

நிரல் எழுதக் கற்பவர்கள் பட்டியல் வரைக்கும் தெம்பாக வந்துவிடுகிறார்கள், ட்ரீ, அதாவது தரவை மேலிருந்து கீழே கிளை கிளையாக அடுக்கும் மரம் என்று பாடம் ஆரம்பித்ததும் பலருக்குப் பிடி விட்டுப்போகிறது. வட்டம் வட்டமாகப் போட்டு உள்ளே 8, 3, 10 என்று எண்களை நிரப்பிக் காட்டினால் அது எதற்கு என்று யாருக்குத்தான் புரியும்? காரைக்குடிப் பக்கம் இருப்பவர்களுக்கு அந்தக் கஷ்டமே தேவையில்லை, ஏனென்றால் இங்கே ஒரு முழு சமூகமே தன் கணக்கை மரமாகத்தான் வைத்திருக்கிறது. நகரத்தாருக்கு, அதாவது நாட்டுக்கோட்டைச் செட்டியார்களுக்கு 9 கோயில்கள், சில கோயில்களுக்குள் பிரிவுகள், அதற்குக் கீழே புள்ளிகள். கல்யாணம் ஆன ஒவ்வொரு குடும்பமும் ஒரு புள்ளி, கோயில் வரி அந்தப் புள்ளிக் கணக்கில்தான். இதையே தரவாக எடுத்துக்கொண்டு கட்டுவோம். மரம் எப்படி இருக்கிறது என்பதைவிட, அதனிடம் நீங்கள் என்ன கேள்வி கேட்கப்போகிறீர்கள் என்பதுதான் முக்கியம். கேள்வி மாறினால் மரத்தின் வடிவமும் மாறும், அதைக் கடைசி வரை பிடித்துக்கொள்ளுங்கள்.

படி 1: முதலில் தாளில் வரையுங்கள்

கம்ப்யூட்டரைத் திறக்க வேண்டாம். தாளின் மேலே நடுவில் 'நகரத்தார்' என்று எழுதுங்கள், அதுதான் வேர். கீழே 9 கோடு இழுத்து இளையாத்தங்குடி, மாத்தூர், வைரவன்கோயில், இரணியூர், பிள்ளையார்பட்டி, நேமம், இலுப்பைக்குடி, சூரக்குடி, வேலங்குடி. இளையாத்தங்குடிக்குக் கீழே 7 பிரிவுகள் உண்டு, இப்போதைக்கு ஒக்கூர், பெருமருதூர் இரண்டு போதும். மாத்தூருக்குக் கீழே உறையூர், அரும்பாக்கூர்.

எழுதிய ஒவ்வொரு பெயரும் ஒரு நோடு. மேலே இருப்பது பெற்றோர், கீழே இருப்பது பிள்ளை, கீழே எதுவும் இல்லாதது இலை. வேரைத் தவிர எல்லா நோடுக்கும் ஒரே ஒரு பெற்றோர்தான், சுற்றி வந்து தன்னிடமே சேரும் பாதை கிடையாது. இந்த இரண்டு விதியும் இருந்தால் அது மரம், ஒன்று போனாலும் அது வேறு ஏதோ.

படி 2: நோடு ஒன்றைச் செய்வது

    நோடு:
        பெயர்
        வகை (கோயில், பிரிவு, புள்ளி)
        பெற்றோர்
        பிள்ளைகள் (தொடக்கத்தில் வெற்றுப் பட்டியல்)

அவ்வளவுதான். பைத்தான் 3 முதல் மாறிகளுக்குத் தமிழிலேயே பெயர் வைக்கலாம் என்பதால் இதை அப்படியே கிளாஸாக எழுதலாம். 'வகை' எதற்கு என்று இப்போது தோன்றும், படி 4-இல் தெரியும்.

படி 3: சேர்ப்பதும் இடம் மாற்றுவதும்

    சேர்(மேல், புதிது):
        புதிது.பெற்றோர் = மேல்
        மேல்.பிள்ளைகள் பட்டியலில் புதிதைப் போடு

இரண்டு வரியையும் எப்போதும் சேர்த்தே செய்யுங்கள். மேலிருந்து பார்த்தால் பிள்ளை தெரிகிறது, கீழிருந்து பார்த்தால் பெற்றோர் தெரியவில்லை என்ற நிலை வந்தால் அந்தக் குழப்பம் நிரலின் வேறு ஏதோ மூலையில் போய்த்தான் வெடிக்கும்.

மகனுக்குக் கல்யாணம் ஆனால் புதுப் புள்ளி, அது அப்பச்சியின் (அப்பாவின்) புள்ளிக்குக் கீழே வரும். சரி, பிள்ளை கூட்டுகிறார்கள் என்றால்? பங்காளி வீட்டிலிருந்து ஒரு பையனைச் சுவீகாரம் எடுப்பது செட்டிநாட்டில் காலங்காலமாக உள்ள வழக்கம்தான். மரத்தில் அது மூன்று வேலை: பழைய பெற்றோரின் பட்டியலிலிருந்து எடு, புதிய பெற்றோரின் பட்டியலில் போடு, பிள்ளையின் 'பெற்றோர்' புலத்தை மாற்று. அவருக்குக் கீழே ஏற்கெனவே மகன்கள், பேரன்கள் புள்ளிகளாக இருந்தாலும் அவர்களில் ஒருவரைக்கூட நாம் தொட வேண்டியதில்லை, கிளையோடு அப்படியே வந்துவிடுவார்கள். பட்டியலாக வைத்திருந்தால் ஒவ்வொரு வரியாகத் தேடித் திருத்தியிருக்க வேண்டும். எனக்கு மரத்தில் ரொம்பப் பிடித்த குணம் இதுதான்.

இடம் மாற்றும் முன் ஒரே ஒரு சோதனை மட்டும் கட்டாயம். புதிய பெற்றோரிடமிருந்து மேலே ஏறிப் போங்கள், வழியில் நகர்த்தப்படும் நோடே எதிர்ப்பட்டால் நிறுத்திவிடுங்கள். தன் பேரனுக்குத் தானே பிள்ளையாகிவிட்டால் அந்தக் கிளை வேரிலிருந்து அறுந்து வளையமாகிவிடும், அதற்குள் நுழைந்த நிரல் வெளியே வராது.

படி 4: புள்ளி எண்ணுதல்

ஒரு கோயிலில் மொத்தம் எத்தனை புள்ளி? தொடக்கத்தில் எல்லோருக்கும் தோன்றுவது இலைகளை எண்ணிவிடலாம் என்பது. இரண்டு இடத்தில் அது தப்பு. அப்பச்சியின் புள்ளிக்குக் கீழே மகனின் புள்ளி வந்துவிட்டால் அப்பச்சி இலை இல்லை, அவர் கணக்கில் விட்டுப்போவார். அதேபோல் இன்னும் யாரையும் பதியாத கோயில் இலையாக நிற்கும், கோயிலையே ஒரு புள்ளியாக எண்ணிவிடுவோம். ஆகவே வகையைப் பார்த்து எண்ண வேண்டும்:

    எண்ணு(நோடு):
        மொத்தம் = 0
        நோடு.வகை புள்ளி என்றால் மொத்தம் = 1
        நோடு.பிள்ளைகள் ஒவ்வொன்றுக்கும்:
            மொத்தம் = மொத்தம் + எண்ணு(பிள்ளை)
        மொத்தத்தைத் திருப்பு

எண்ணு என்ற வேலை தன்னையே மறுபடி அழைக்கிறது, இதைத்தான் ரிகர்ஷன் என்கிறோம். மிரள வேண்டாம், தாளில் விரலை வைத்து நடத்திப் பாருங்கள். பயிற்சிக்கு ஒக்கூருக்குக் கீழே 3 புள்ளி, பெருமருதூருக்குக் கீழே 2 புள்ளி போடுங்கள். இளையாத்தங்குடி ஒக்கூரைக் கேட்கிறது, ஒக்கூர் தன் புள்ளிகளைக் கேட்டு 3 என்கிறது, பெருமருதூர் 2 என்கிறது, இளையாத்தங்குடி 5 என்று மேலே சொல்கிறது. யாரும் தனக்கு நேர் கீழே உள்ளவர்களைத் தவிர வேறு யாரையும் கேட்கவில்லை.

இங்கே பிள்ளைகளின் விடை வந்த பிறகுதான் பெற்றோரின் விடை முடிகிறது. கம்ப்யூட்டரில் ஒரு ஃபோல்டரை அழிக்கும்போதும் இதே வரிசைதான், உள்ளே இருப்பவை போன பிறகே வெளி ஃபோல்டர் போகும். மாறாக, பெயர்களை உள்தள்ளி அச்சிட வேண்டும் என்றால் பெற்றோர் முதலில், பிள்ளைகள் அப்புறம். பிரவுசர் ஒரு வலைப்பக்கத்தை உள்ளே வைத்திருப்பதும் மரமாகத்தான், பக்கத்துக்குள் பத்தி, பத்திக்குள் இணைப்பு என்று.

படி 5: இரண்டு புள்ளி எங்கே சேருகிறது?

புதிதாகப் பார்த்துக்கொள்ளும் இருவர் 'நீங்க எந்தக் கோயில்?' என்று கேட்கும்போது உண்மையில் கேட்பது, நம் இருவரின் பாதையும் மேலே எந்த நோடில் சேருகிறது என்பதைத்தான். கணினியியலில் இது பெயர் பெற்ற ஒரு கணக்கு, மிகக் கீழான பொது மூதாதையைக் கண்டுபிடிப்பது.

    சேருமிடம்(அ, ஆ):
        இரண்டில் அதிக ஆழத்தில் (வேரிலிருந்து அதிகப் படி தள்ளி) இருப்பதை மற்றதன் மட்டத்துக்கு ஏற்று
        அ, ஆ ஒன்றாகும் வரை இரண்டையும் ஒவ்வொரு படியாக ஏற்று
        அந்த நோடைத் திருப்பு

ஒக்கூர்ப் புள்ளியும் பெருமருதூர்ப் புள்ளியும் இளையாத்தங்குடியில் சேரும். ஒக்கூர்ப் புள்ளியும் நேமத்துப் புள்ளியும் வேரில்தான் சேரும், அதாவது வேறு வேறு கோயில்.

ஆனால் இதை வைத்து உடனே சம்பந்தம் பேசும் செயலி எழுதிவிடாதீர்கள். இரணியூரும் பிள்ளையார்பட்டியும் வேறு வேறு கோயில்தான், இரண்டும் வேரில்தான் சேரும், ஆனால் இந்த இரண்டு கோயிலாரும் சகோதர முறை, பெண் கொடுத்து எடுப்பதில்லை. இந்த உறவு மரத்தில் எந்தக் கோட்டிலும் இல்லை, பக்கவாட்டில் ஒரு கோடு இழுத்தால் அப்புறம் அது மரமும் இல்லை. ஆகவே இப்படிப்பட்ட விதியைத் தனியாக ஒரு சிறு பட்டியலில் வைத்துச் சோதியுங்கள். அதேபோல் ஆத்தா வழியையும் சேர்த்துப் பதிவு செய்ய நினைத்தால் ஒருவருக்கு இரண்டு பெற்றோர் வந்துவிடும். அதற்கு மரம் போதாது, எந்த நோடையும் எந்த நோடோடும் இணைக்க விடும் கிராஃப் வேண்டும். குடும்ப மரம் என்று எல்லோரும் சொன்னாலும் ஒரு வழியை மட்டும் எடுத்தால்தான் அது நம் கணக்கில் மரம்.

படி 6: தேடுவதற்கு வேறு மரம்

இப்போது கேள்வி மாறுகிறது: 'வைரவன்கோயில்' என்ற பெயர் இருக்கிறதா? மேலே கட்டிய மரத்தில் 9 கோயிலையும் ஒவ்வொன்றாகப் பார்க்க வேண்டியதுதான். எனவே அதே பெயர்களை இருகிளைத் தேடல் மரமாக அடுக்குவோம். ஒரு நோடுக்கு அதிகபட்சம் இரண்டு பிள்ளைதான், இடப்பக்கம் ஒன்று, வலப்பக்கம் ஒன்று. அடுக்கும் விதி ஒன்றுதான்: அகர வரிசையில் முந்தியது இடப்பக்கம், பிந்தியது வலப்பக்கம்.

9 பெயரையும் அகர வரிசைப்படுத்தினால் இரணியூர், இலுப்பைக்குடி, இளையாத்தங்குடி, சூரக்குடி, நேமம், பிள்ளையார்பட்டி, மாத்தூர், வேலங்குடி, வைரவன்கோயில். நடுவில் இருக்கும் நேமத்தை வேராக்குங்கள். இடப்பக்கம் இலுப்பைக்குடி, வலப்பக்கம் மாத்தூர். இலுப்பைக்குடிக்கு இடம் இரணியூர், வலம் இளையாத்தங்குடி, அதற்கு வலம் சூரக்குடி. மாத்தூருக்கு இடம் பிள்ளையார்பட்டி, வலம் வேலங்குடி, அதற்கு வலம் வைரவன்கோயில். இனி வைரவன்கோயிலைத் தேடுங்கள்: நேமம், மாத்தூர், வேலங்குடி, வைரவன்கோயில். 4 ஒப்பீடு. நேமத்தில் வலப்பக்கம் திரும்பியபோதே இடப்பக்கத்து 4 பெயரையும் பார்க்காமலே ஒதுக்கிவிட்டோம். 9-க்கு இது பெரிதாகத் தெரியாது, 10 லட்சம் பெயர் இருந்தாலும் சீரான மரத்தில் சுமார் 20 ஒப்பீடுதான் என்னும்போது தெரியும்.

'சீரான' என்ற சொல்லில்தான் விஷயம் இருக்கிறது. அதே 9 பெயரையும் அகர வரிசையிலேயே ஒவ்வொன்றாகச் சேர்த்துப் பாருங்கள். இரணியூர் வேராகும், அடுத்தடுத்து வருவதெல்லாம் வலப்பக்கமே போய் ஒரே கயிறாகத் தொங்கும். வைரவன்கோயிலுக்கு 9 ஒப்பீடு, பட்டியலுக்கும் இதற்கும் வித்தியாசமே இல்லை. பைத்தானில் ரிகர்ஷனுக்கு வழக்கமான எல்லை 1000 ஆழம் என்பதால், வரிசைப்படுத்திய பெரிய கோப்பை இப்படி ரிகர்ஷன் வைத்து ஏற்றினால் நிரல் நின்றே போகும். இதற்குத் தீர்வாக 1962-இல் சோவியத் கணிதவியலாளர்கள் அடெல்சன்-வெல்ஸ்கியும் லாண்டிஸும் ஏவிஎல் மரத்தைத் தந்தார்கள். எந்த நோடிலும் இடக்கிளை, வலக்கிளை உயரங்கள் ஒன்றுக்கு மேல் வேறுபடக் கூடாது, வேறுபட்டால் கிளையைச் சுழற்றிச் சரிசெய்துகொள்ளும். ஜாவா மொழியில் தயாராகக் கிடைக்கும் ட்ரீமேப் இதே நோக்கத்துக்கு ரெட்-பிளாக் மரம் என்ற, தன்னைச் சீராக வைத்துக்கொள்ளும் இன்னொரு வகையைப் பயன்படுத்துகிறது. இவற்றை முதல் வாரமே நீங்களே எழுத வேண்டும் என்று நான் சொல்லமாட்டேன். ஏன் தேவை என்று தெரிந்தால் போதும்.

தமிழில் செய்பவர்கள் கவனிக்க வேண்டிய ஒன்று. கம்ப்யூட்டர் ஒவ்வொரு எழுத்துக்கும் வைத்திருக்கும் யூனிகோடு எண் வரிசையும் அகர வரிசையும் ஒன்றல்ல. அகராதியில் அலவாக்கோட்டை முந்தி, அறந்தாங்கி பிந்தி. யூனிகோடில் ற-வின் எண் ல-வுக்கு முன்னால் இருப்பதால் நிரல் அறந்தாங்கியை முன்னே வைக்கும். சேர்க்கும்போது ஒரு விதி, தேடும்போது ஒரு விதி என்று கலந்துவிட்டால் மரத்தில் இருக்கும் பெயரையே இல்லை என்று சொல்லும், எனவே ஒப்பிடும் வேலைக்கு ஒரே ஒரு செயற்கூறு எழுதி எல்லா இடத்திலும் அதையே அழையுங்கள்.

படி 7: தட்டச்சு செய்யும்போதே ஊர் பெயர் வர

'கண்ட' என்று அடித்ததும் கண்டனூர், கண்டரமாணிக்கம், கண்டவராயன்பட்டி மூன்றும் கீழே வர வேண்டும் என்றால் ட்ரை என்ற மரம். இதில் நோடுக்குள் முழுப் பெயர் இல்லை, எழுத்துதான். க, ண், ட வரை மூன்று ஊருக்கும் ஒரே பாதை, அங்கிருந்து னூ, ர, வ என்று மூன்று கிளை. ஊர் பெயர் முடியும் நோடில் ஒரு குறி வையுங்கள். னூ என்பது யூனிகோடில் ன, ஊகாரக் குறி என இரண்டு துண்டு என்பதால், எழுத்து எழுத்தாகப் பிரித்த பிறகே மரத்தில் ஏற்றுங்கள்.

படி 8: தரவு வட்டில் இருந்தால்

இதுவரை எல்லாம் நினைவகத்தில். வட்டிலிருந்து படிப்பது ஒவ்வொரு தடவையும் மெதுவான வேலை, அங்கே 20 படி இறங்குவது அதிகம். 1970-இல் போயிங் ஆய்வகத்தில் இருந்த ருடால்ஃப் பேயரும் எட்வர்ட் மெக்ரைட்டும் உருவாக்கிய பி-ட்ரீ இங்கேதான் வருகிறது. நோடுக்கு இரண்டு பிள்ளை என்பதை விட்டுவிட்டு நூற்றுக்கணக்கில் வைத்துக்கொள்கிறது. நோடுக்கு 100 பிள்ளை என்றால் மூன்று படி இறங்குவதற்குள் 10 லட்சம் பதிவை எட்டிவிடலாம். எஸ்கியூலைட், போஸ்ட்கிரெஸ், மைஎஸ்கியூஎல் போன்ற தரவுத்தள மென்பொருள்கள் எல்லாவற்றிலும் வேகமாகத் தேடுவதற்காக நீங்கள் இண்டெக்ஸ் போடும்போது பின்னால் பெரும்பாலும் இந்த வகை மரம்தான் உருவாகிறது. உங்கள் புள்ளிப் பதிவை எஸ்கியூலைட்டில் ஏற்றி, பெற்றோர் எண்ணுக்கு ஒரு இண்டெக்ஸ், பெயருக்கு ஒரு இண்டெக்ஸ் போட்டு, தேடும் கட்டளைக்கு முன்னால் EXPLAIN QUERY PLAN என்று சேர்த்து அதன் திட்டத்தைக் காட்டச் சொல்லிப் பாருங்கள். அங்கே SEARCH என்று இண்டெக்ஸின் பெயரோடு வந்தால் தேடல் மரம் வழியாக இறங்குகிறது, SCAN என்று மட்டும் வந்தால் அட்டவணை முழுவதையும் வரிவரியாகப் படிக்கிறது.