தம்மைப் பற்றி அவர்கள் எழுதியவை: பழைய பெண் எழுத்தாளர்களைப் படிக்கும்போது தவிர்க்க வேண்டிய தவறுகள்

ஆரியங்காவுக் கணவாய்க்குக் கிழக்கே உள்ள செங்கோட்டையில்தான் ஆவுடையக்காள் தம் வேதாந்தப் பாடல்களைப் பாடினார். கணவாய்க்கு மேற்கே, புனலூரை அடுத்த கோட்டவட்டத்தில், 1909-இல் மலையாள எழுத்தாளர் லலிதாம்பிகா அந்தர்ஜனம் பிறந்தார். 1956 நவம்பர் 1-ஆம் நாள் வரை இந்த இரண்டு இடங்களும் ஒரே ஆட்சியின்கீழ் இருந்தன. இப்படிப்பட்ட எல்லைப் பகுதியில் வாழும் நமக்குத் தமிழ், மலையாளம், தெலுங்கு ஆகிய மூன்று மொழிகளிலும் முன்னாளைய பெண்கள் எழுதியவற்றை அணுகும் வாய்ப்பு மற்றவர்களைவிட அதிகம். ஆனால் அந்தப் பெண்களின் வாழ்க்கையைப் பற்றிப் பேசத் தொடங்கும்போது நம்மவர்கள் சில தவறுகளைத் திரும்பத் திரும்பச் செய்கிறார்கள். அவள் தன்னைப் பற்றிச் சொன்னது எது, அவளைப் பற்றிப் பிறர் சொன்னது எது என்று பிரித்துப் பார்க்காததே அவற்றில் பெரும்பாலானவற்றுக்குக் காரணம்.

ஆவுடையக்காளையே எடுத்துக்கொள்வோம். இளம் வயதிலேயே கணவனை இழந்தார், திருவிசைநல்லூர் ஐயாவாளிடம் உபதேசம் பெற்றார், ஆடி அமாவாசையன்று குற்றாலத்தில் நீராடி மலையேறியவர் திரும்பவே இல்லை என்றெல்லாம் சொல்லப்படுகிறது. இவை வழிவழியாக வந்த செய்திகள், மதிக்கத்தக்கவை. ஆனால் பாடல்களைப் படிக்கும்போது இந்தக் கதையை முன்னால் நிறுத்திக்கொண்டு, ஒவ்வொரு வரியையும் விதவையின் புலம்பலாகப் பொருள் கொள்வது பெரும் பிழை. வேதாந்தக் குறவஞ்சியிலும் சூடாலைக் கும்மியிலும் கேட்பது தெளிந்த அறிவுள்ள ஒருத்தியின் குரல். எச்சில், தீட்டு என்ற பேரில் நடக்கும் ஆசாரங்களை அவர் நேருக்கு நேர் கேள்வி கேட்கிறார். அந்தத் துணிவைத் துயரத்தின் கணக்கில் எழுதிவிட்டால் அவருடைய சிந்தனையே காணாமல் போய்விடும். சங்ககால ஔவையாரையும் பல நூற்றாண்டு பிந்தி ஆத்திசூடி பாடிய ஔவையாரையும் ஒரே மூதாட்டியாக்கி நிறுத்துவதும் இதே வகைப் பிழைதான்.

அடுத்த தவறு, நூலின் தொடக்கத்தில் புலவர் தம்மைத் தாழ்த்திச் சொல்லும் அவையடக்கத்தை வாக்குமூலமாக எடுத்துக்கொள்வது. தெலுங்கில் இராமாயணம் பாடிய மொல்ல, தமக்குச் சந்தி தெரியாது, சமாசம் தெரியாது, அலங்காரம் தெரியாது, யாப்பு தெரியாது என்று நூலின் தொடக்கத்தில் அடுக்கிச் சொல்கிறார். இதை வைத்துக்கொண்டு அவரைப் படிக்காத பேதைப் பெண்ணாகவும், இறையருளால் மட்டுமே பாட வந்தவராகவும் எழுதுகிறார்கள். தெரியாது என்று அவர் சொல்லும் இலக்கணப் பகுதிகளின் பெயர்களையெல்லாம் வரிசை பிசகாமல், யாப்பு வழுவாத செய்யுளிலேயே அவர் அடுக்குகிறார் என்பதைக் கவனித்தால் உண்மை விளங்கும். பாற்கடலை நக்கிக் குடிக்கப் புகுந்த பூனையைப் போன்றவன் நான் என்று கம்பர் பாடியதை வைத்து, கம்பருக்குக் கல்வியில்லை என்று யாரும் முடிவு கட்டவில்லை. ஆணுக்கு மரபாகக் கொள்ளப்படுவது பெண்ணுக்கு மட்டும் ஒப்புதலாக ஆகிவிடுவது நியாயமே இல்லை. தரிகொண்டாவில் பிறந்து திருமலையில் வாழ்ந்து மறைந்த தெலுங்குக் கவிஞர் வெங்கமாம்பாவைப் பற்றிய எழுத்துகளிலும் இந்தக் கோணல் தொடர்கிறது.

அச்சில் இருப்பதே முழு நூல் என்று நம்புவது இவை எல்லாவற்றிலும் மிகுந்த கேடு விளைவிப்பது. பதினெட்டாம் நூற்றாண்டில் தஞ்சை மராட்டிய மன்னர் பிரதாபசிம்மரின் அவையில் இருந்த முத்துப்பழனி, தெலுங்கில் ராதிகா சாந்தவனம் என்னும் காவியத்தை எழுதினார். அதன் முகப்பில் தம் குடியைப் பற்றியும் தம் கல்வியைப் பற்றியும் சொல்லி, நூல்களைக் காணிக்கையாகப் பெற்ற பெண் என்னைப் போல் வேறு யார் என்ற பொருளில் பெருமிதத்தோடு கேட்கிறார். ஒரு பெண் தன்னைத் தானே அறிமுகப்படுத்திக்கொண்ட அந்தப் பகுதியும், காமம் மிகுந்தவை என்று கருதப்பட்ட சில செய்யுள்களும் முதலில் வந்த அச்சுப் பதிப்பில் விடுபட்டிருந்தன. இசைக்கலைஞர் பெங்களூர் நாகரத்தினம்மாள் சுவடியைத் தேடிப் பெற்று, சென்னை வாவிள்ள பதிப்பகத்தின் வழியாக 1910-இல் முழு நூலையும் வெளியிட்டார். உடனே எதிர்ப்பு எழுந்தது. கந்துகூரி வீரேசலிங்கம் போன்ற சீர்திருத்தவாதியே அதைக் கண்டித்தார். அரசு நூலைத் தடை செய்தது. சென்னை மாகாண முதல்வராக இருந்த தங்குடூரி பிரகாசத்தின் முயற்சியால் அந்தத் தடை நீங்க 1940-களின் பிற்பகுதி வரை காத்திருக்க வேண்டியிருந்தது. காமச் செய்யுள்களை நீக்கியதற்காவது அக்காலத்தார் ஒரு காரணம் சொல்வார்கள். தன் பாட்டியின் பெயரைச் சொன்ன செய்யுளை நீக்கியதற்கு என்ன காரணம் சொல்ல முடியும்? ஆகவே பழைய பெண் எழுத்தாளர் ஒருவரின் பதிப்பு கைக்கு வந்தால், பதிப்பாசிரியர் யார், எந்தச் சுவடியிலிருந்து எடுத்தார், முன்னுரையில் எதையாவது நீக்கியதாகச் சொல்கிறாரா என்பவற்றை முதலில் பார்க்க வேண்டும்.

இதே வெட்டு வேலையை நம் வீடுகளிலும் செய்துகொண்டிருக்கிறோம். இந்தப் பகுதியின் பழைய வீடுகளில் அம்மாவோ அத்தையோ எழுதி வைத்த பாட்டு நோட்டு ஒன்று பரணில் கிடக்கும். ஆவுடையக்காள் பாட்டின் நடுவே பால் கணக்கும், பிரசவ லேகியத்துக்கான மருந்துச் சரக்குகளும், "ஆடி 12, செவலை கன்று போட்டது" என்ற ஒரு வரியும் இருக்கும். பாட்டை மட்டும் நல்ல தாளில் படியெடுத்துக்கொண்டு, நோட்டைப் பழைய பேப்பர்க்காரரிடம் போட்டுவிடுகிறார்கள். பாட்டு வேறு நோட்டுகளிலும் கிடைக்கலாம். எழுதியவளின் வாழ்க்கை அந்த ஓரக் குறிப்புகளில்தான் இருந்தது. நோட்டு முழுவதையும், அட்டை உட்பட, படம் பிடித்து வைத்துவிட்டு மற்றதைச் செய்ய வேண்டும். கையெழுத்து யாருடையதோ அவரே ஆசிரியர் என்ற முடிவுக்கும் அவசரப்படக் கூடாது. வை.மு. கோதைநாயகி அம்மாள் தம் முதல் படைப்பான இந்திரமோகனா நாடகத்தைத் தம் வாயால் சொல்ல, தோழி ஒருவர்தான் எழுதிக்கொடுத்தார்.

கணவரின் பெயர் பெரிதாக இருந்தால் மனைவியின் நூல் அதற்குத் துணைநூலாகிவிடுகிறது. அரசை எதிர்த்து எழுதிய பத்திரிகையாளர் சுதேசாபிமானி ராமகிருஷ்ண பிள்ளை 1910 செப்டம்பரில் திருவிதாங்கூரிலிருந்து நாடு கடத்தப்பட்டார். 1916-இல் கண்ணூரில் மறைந்தார். அவருடைய மனைவி பி. கல்யாணி அம்மா தம் பன்னிரண்டு ஆண்டு மணவாழ்வை வியாழவட்ட ஸ்மரணகள் என்ற நூலாக எழுதினார். ராமகிருஷ்ண பிள்ளையின் வாழ்க்கைக்குச் சான்று தேடுகிறவர்கள் அதில் வேண்டிய பக்கங்களை எடுத்துக்கொண்டு மூடிவிடுகிறார்கள். கல்யாணி அம்மா ஆசிரியை; சாரதா என்ற பெண்கள் இதழின் ஆசிரியர் குழுவில் இருந்தவர். ஊர் விட்டு ஊர் மாறிய அந்த ஆண்டுகளில் அவர்களுக்குப் பாலக்காட்டில் இடம் கொடுத்தவரும் ஒரு பெண் எழுத்தாளர்தான்: தரவத்து அம்மாளு அம்மா. அரசை எதிர்த்த பத்திரிகையாளரின் குடும்பத்தைச் சேர்த்துக்கொள்வதில் இருந்த ஆபத்தை அறிந்தே அவர் அதைச் செய்தார். எழுதும் பெண்கள் ஒருவரையொருவர் தாங்கிய செய்திக்காகவும் அந்தக் காலத்துப் பதிவுகளைப் படிக்க வேண்டும்.

நாவலைத் தன்வரலாறாகப் படிப்பதும் வழக்கமாகிவிட்டது. அந்தர்ஜனம் 1976-இல் வெளியிட்ட அக்னிசாட்சி நாவலின் நாயகி, தான் மணம் புகுந்த நம்பூதிரி இல்லத்தை விட்டு வெளியேறுகிறாள். எழுதியவரோ குடும்பத்துக்குள் இருந்துகொண்டே எழுதியவர். அவர் தம்மைப் பற்றிச் சொன்னவை ஆத்மகதைக்கு ஒரு ஆமுகம் (தன்வரலாற்றுக்கு ஒரு முன்னுரை) என்ற நூலில் தனியே உள்ளன. இரண்டையும் அருகருகே வைத்துப் படித்தால், தாம் வாழாத வாழ்க்கையை எவ்வளவு அக்கறையோடு கற்பனை செய்தார் என்பது புரியும்.

கடைசியாக ஆண்டுக் கணக்கு. பழைய திருவிதாங்கூர்ப் பகுதியின் கடிதங்களிலும் நோட்டுகளிலும் 1085, 1086 என்று காணப்படுபவை கொல்லம் ஆண்டுகள். ஆவணியில் ஆண்டு பிறப்பதால், ஆவணி முதல் மார்கழி நடுவரை 824-ஐயும், அதன் பின் ஆடி முடிய 825-ஐயும் கூட்ட வேண்டும். எல்லா மாதத்துக்கும் ஒரே எண்ணைக் கூட்டினால் 1086 புரட்டாசியில் எழுதிய கடிதம் 1911-க்குப் போய்விடும். அது எழுதப்பட்டதோ 1910-இல், ராமகிருஷ்ண பிள்ளை நாடு கடத்தப்பட்ட அதே பருவத்தில்.