ஓடும்போது வாட்ச் இதயத் துடிப்பை எகிறவிட்டுக் காட்டுகிறதா?

ஓடக் கிளம்பும் முன் ஸ்மார்ட்வாட்ச்சை மணிக்கட்டு எலும்பிலிருந்து இரண்டு விரல் மேலே ஏற்றி, நகராத அளவுக்கு இறுக்கிக் கட்டுங்கள். பெசன்ட் நகர் கடற்கரைச் சாலையில் மெதுவாக ஓடும்போதே 170 காட்டிப் பயமுறுத்தும் வாட்ச், பெரும்பாலும் இதிலேயே சரியாகிவிடும். அதன் பச்சை விளக்கு, தோலுக்கடியில் ரத்தம் ஏறி இறங்குவதைப் பார்த்துத்தான் துடிப்பைக் கணக்கிடுகிறது. பட்டை தளர்ந்து, வியர்வையில் வழுக்கி ஆடினால், துடிப்புக்குப் பதில் உங்கள் காலடிகளை எண்ணிவிடும்; நிமிடத்துக்கு 160, 170 காலடி என்பது ஓடுபவர்களுக்குச் சாதாரணம். சந்தேகமிருந்தால் நின்ற உடனே கழுத்தில் இரண்டு விரல் வைத்து 15 விநாடி எண்ணி, நான்கால் பெருக்கிப் பாருங்கள். மார்பில் கட்டித் துடிப்பை அளக்கும் நெஞ்சுப் பட்டை வாங்கும் செலவு மிச்சம்.

மணிக்கட்டில் பச்சை குத்தியிருந்தால் இது அவ்வளவாக உதவாது. வேகத்தைச் சட்டென்று கூட்டிக் குறைத்துப் பயிற்சி செய்பவர்களுக்கும் நெஞ்சுப் பட்டைதான் சரி. அப்புறம், நம்மூர் மே மாதப் புழுக்கத்தில் அதே வேகத்துக்குத் துடிப்பு நிஜமாகவே கூடும். சூட்டைத் தணிக்க ரத்தம் தோலுக்கும் ஓட வேண்டியிருக்கிறதே! கழுத்தில் எண்ணியும் அதே எண் வந்தால், வேகத்தைக் குறையுங்கள். தலைச்சுற்றலோ நெஞ்சு வலியோ இருந்தால் ஓட்டத்தை நிறுத்திவிட்டு மருத்துவரைப் பாருங்கள்.