கிராஃபிங் கால்குலேட்டரில் கேம் விளையாடலாம்: முதன்முதலாக முயற்சி செய்பவர்களுக்கு

அமெரிக்காவிலோ கனடாவிலோ உயர்நிலைப் பள்ளியில் படிக்கிற பிள்ளை வீட்டில் இருந்தால், மேசையில் கருப்பாகவோ வண்ணமாகவோ ஒரு பெரிய கால்குலேட்டர் கிடப்பதைப் பார்த்திருப்பீர்கள். டெக்சாஸ் இன்ஸ்ட்ருமென்ட்ஸ் நிறுவனத்தின் டிஐ-84 பிளஸ் சிஇ. கணக்குப் பாடத்துக்காக வாங்கியது என்றாலும் உண்மையில் அது ஒரு சிறிய கணினிதான். 48 மெகாஹெர்ட்ஸ் வேகத்தில் ஓடும் இசட்80 என்ற பழைய சிப்பின் வழிவந்த செயலி, 320க்கு 240 புள்ளிகள் கொண்ட வண்ணத் திரை, நாம் பயன்படுத்திக்கொள்ள சுமார் 154 கிலோபைட் ராம், கோப்புகளைச் சேமிக்க ஏறத்தாழ 3 மெகாபைட் இடம். இந்தக் குட்டி இடத்துக்குள் முழு கேம்களை எழுதி, காசு வாங்காமல் பகிர்கிறவர்கள் உலகம் முழுக்க இருக்கிறார்கள். அவர்கள் உழைப்பின் மேல் எனக்குப் பெரிய மரியாதை உண்டு. அதை உங்கள் கைக்குக் கொண்டுவருவது எப்படி என்று பார்ப்போம்.

முதலில் உங்களிடம் இருப்பது எந்த மாடல்?

கால்குலேட்டரின் முகப்பில் எழுதியிருக்கும் பெயரைக் கவனமாகப் படியுங்கள். 2004இல் வந்த டிஐ-84 பிளஸ் வேறு, 2015இல் வந்த டிஐ-84 பிளஸ் சிஇ வேறு. பழையதில் கருப்பு வெள்ளைத் திரை, வெறும் 96க்கு 64 புள்ளிகள். புதியதில் வண்ணத் திரை, வேறு செயலி. ஆனால் இரண்டுக்கும் கேம் கோப்பின் பெயர் ஒரே மாதிரி "8எக்ஸ்பி" என்றுதான் முடியும். ஆரம்பத்தில் பலர் சிக்கிக்கொள்கிற இடம் இதுதான். பழைய மாடலுக்கான ஆக்‌ஷன் கேமை சிஇ-க்கு அனுப்பினால் அது ஓடாது. டவுன்லோடு செய்யும் பக்கத்தில் "சிஇ" என்று இருக்கிறதா என்று பார்த்துவிட்டுத்தான் எடுக்க வேண்டும். இனி நான் சொல்வதெல்லாம் சிஇ மாடலுக்கானது.

இயங்குதளப் பதிப்பைப் பாருங்கள், அப்டேட் செய்யாதீர்கள்

செகண்ட் பொத்தானை அழுத்தி, பிறகு கூட்டல் பொத்தானை அழுத்துங்கள். நினைவக மெனு வரும். அதில் 1ஆவதாக இருக்கும் "அபவுட்" என்பதைத் தேர்ந்தெடுத்தால் 5.3, 5.6 என்பது போல ஓர் எண் தெரியும். அதைக் குறித்துக்கொள்ளுங்கள். மேற்கொண்டு செய்யப்போவது எல்லாம் இந்த எண்ணைப் பொறுத்தது.

காரணத்தைச் சொல்லிவிடுகிறேன். இந்தக் கால்குலேட்டரில் இரண்டு விதமான கேம்கள் உண்டு. ஒன்று, டிஐ-பேசிக் என்ற எளிய மொழியில் கால்குலேட்டரிலேயே எழுதக்கூடியவை. மெதுவாக ஓடும், ஆனால் எல்லாப் பதிப்பிலும் ஓடும். இன்னொன்று, அசெம்பிளி என்ற கீழ்மட்ட மொழியிலோ சி மொழியிலோ எழுதி, செயலியிடம் நேரடியாகப் பேசுபவை. வேகமாக நகரும் படங்கள் கொண்ட கேம்கள் எல்லாம் இந்த இரண்டாவது வகைதான். 2020இல் வந்த 5.5.1 பதிப்பில் அந்த இரண்டாவது வகையை இயக்கும் வசதியை நிறுவனம் எடுத்துவிட்டது. தேர்வில் முறைகேடு நடக்கக்கூடாது என்ற கவலைதான் அதன் பின்னணி. கவலை நியாயமானதுதான். ஆனால் அதற்காக ஆர்வத்தோடு நிரல் எழுதும் மாணவர்களின் கதவையும் சேர்த்து அடைத்தது சரியில்லை என்பது என் கருத்து.

ஆகவே, உங்களுடையது 5.4 அல்லது அதற்குக் கீழே என்றால் அப்படியே வைத்திருங்கள். கணினியோடு இணைக்கும்போது அப்டேட் செய்யவா என்று கேட்டால் வேண்டாம் என்று சொல்லுங்கள். ஒருமுறை மேலே போய்விட்டால் திரும்பக் கீழே வர முடியாது.

டவுன்லோடுக்கு முன்னால், நீங்களே ஒரு கேம் எழுதுங்கள்

கேபிள் வேண்டாம், கணினி வேண்டாம். பதினொரு வரியில் ஓர் எண்ணைக் கண்டுபிடிக்கும் விளையாட்டை எழுதிவிடலாம். கால்குலேட்டர் 1 முதல் 100க்குள் ஓர் எண்ணை மனத்தில் நினைத்துக்கொள்ளும். நீங்கள் சொல்லும் எண் குறைவா அதிகமா என்று அது சொல்லச் சொல்ல, கண்டுபிடிக்க வேண்டும். மற்றவர்கள் எழுதிய கேம்களை ஓட்டுவதற்கு முன் இதைச் செய்தால், அந்தப் பெட்டிக்குள் என்ன நடக்கிறது என்று ஒரு பிடி கிடைக்கும்.

ஒரு விஷயம் தெரிந்திருக்க வேண்டும். இந்த மொழியில் கட்டளைகளை எழுத்தெழுத்தாகத் தட்டச்சு செய்யக்கூடாது. மெனுவிலிருந்துதான் எடுக்க வேண்டும். ஒவ்வொரு வரியின் முடிவிலும் என்டர் அழுத்துங்கள்.

பிஆர்ஜிஎம் பொத்தானை அழுத்துங்கள். பைத்தான் வசதி உள்ள மாடல் என்றால் முதலில் டிஐ-பேசிக் என்பதைத் தேர்ந்தெடுங்கள். வலது அம்பை அழுத்தி "நியூ" பகுதிக்குப் போய் என்டர். ஏதாவது ஒரு பெயர் கொடுத்து மறுபடி என்டர். இப்போது எழுதும் திரை வந்திருக்கும்.

1. மேத் பொத்தான், அம்பால் நகர்ந்து "ப்ராப்" பகுதி, அதில் 5. "ராண்ட்இன்ட்" என்ற கட்டளை வரும். 1, கமா, 100, அடைப்புக்குறியை மூடுங்கள். அப்புறம் எஸ்டிஓ பொத்தான், ஆல்ஃபா, மேத். ஏ என்ற பெட்டியில் ரகசிய எண் உட்கார்ந்துவிட்டது.
2. 0, எஸ்டிஓ, ஆல்ஃபா, பிஆர்ஜிஎம். சி என்ற பெட்டியில் பூஜ்யம். இது எத்தனை முறை முயன்றீர்கள் என்று எண்ணுவதற்கு.
3. பிஆர்ஜிஎம், 6. "ரிப்பீட்" வரும். ஆல்ஃபா, ஆப்ஸ் அழுத்தினால் பி. பிறகு செகண்ட், மேத், 1 அழுத்தினால் சமக்குறி. பிறகு ஆல்ஃபா, மேத் அழுத்தினால் ஏ. பி-யும் ஏ-யும் சமமாகும்வரை திரும்பத் திரும்பச் செய் என்று பொருள்.
4. பிஆர்ஜிஎம், வலது அம்பு, 2. "ப்ராம்ப்ட்" வரும். பக்கத்தில் பி. விளையாடுபவரிடம் எண்ணைக் கேட்கும் வரி இது.
5. சி, கூட்டல், 1, எஸ்டிஓ, சி. எண்ணிக்கை ஒன்று கூடும்.
6. பிஆர்ஜிஎம், 1. "இஃப்" வரும். பக்கத்தில் பி, செகண்ட், மேத், 5, ஏ. சொன்ன எண் சிறியதா என்று பார்க்கிறது.
7. பிஆர்ஜிஎம், வலது அம்பு, 3. "டிஸ்ப்" வரும். ஆல்ஃபா, கூட்டல் அழுத்தினால் மேற்கோள் குறி. அதற்குள் "மேலே போ" என்ற பொருளில் ஒரு சொல்லை ஆங்கில எழுத்தில் கொடுங்கள். கால்குலேட்டரில் தமிழ் எழுத்து இல்லை.
8. 6ஆவது வரியைப் போலவே இன்னொன்று. 5க்குப் பதில் 3 அழுத்தினால் பெரியது என்ற குறி வரும்.
9. 7ஆவது வரியைப் போலவே, "கீழே வா" என்ற பொருளில்.
10. பிஆர்ஜிஎம், 7. "எண்ட்". திரும்பத் திரும்ப நடக்கும் பகுதி இங்கே முடிகிறது.
11. "டிஸ்ப்", பக்கத்தில் சி. எத்தனை முறையில் கண்டுபிடித்தீர்கள் என்று காட்டும்.

செகண்ட், மோட் அழுத்தி வெளியே வாருங்கள். பிஆர்ஜிஎம் அழுத்தி, உங்கள் கேமின் பெயர் மேல் என்டர், மறுபடி என்டர். விளையாடத் தொடங்கலாம். நடுவில் நிறுத்த வேண்டுமென்றால் ஆன் பொத்தான்.

ஏழு முயற்சிக்குள் எந்த எண்ணையும் கண்டுபிடித்துவிட முடியும். எப்படி என்பதை வீட்டுப் பிள்ளையிடமே கேளுங்கள், நல்ல கணக்கு அது.

கணினியிலிருந்து கேமை அனுப்புவது

இதற்கு மூன்று பொருள் வேண்டும்: கால்குலேட்டரோடு வந்த யுஎஸ்பி கேபிள், கணினியில் டிஐ கனெக்ட் சிஇ என்ற இலவச மென்பொருள், கேம் கோப்பு. கேபிளின் ஒரு முனை மினி யுஎஸ்பி. பழைய கேமராக்களில் இருந்த அதே வகை. வேறு கேபிள் போட்டு, சார்ஜ் ஏறுகிறது ஆனால் கணினிக்குத் தெரியவில்லை என்றால், அது தரவு கடத்தாத கேபிள். மாற்றிப் பாருங்கள்.

கேம்களுக்கு இரண்டு நம்பகமான இடங்கள் உண்டு. 1996 முதல் இருக்கும் டிஐகால்க் டாட் ஆர்க், இன்னொன்று கெமெடெக். இரண்டிலும் மாடல் வாரியாகப் பிரித்து வைத்திருக்கிறார்கள். கண்ட கண்ட தளங்களுக்குப் போக வேண்டிய அவசியமே இல்லை.

டவுன்லோடு ஆவது பெரும்பாலும் ஜிப் கோப்பாக இருக்கும். அதைப் பிரித்து, உள்ளே உள்ள விளக்கக் கோப்பைப் படியுங்கள். எந்தப் பொத்தான் எதற்கு, எதை அழுத்தினால் வெளியே வரலாம் என்பதெல்லாம் அதில்தான் இருக்கும்.

அடுத்து, கால்குலேட்டரை ஆன் செய்து கேபிளால் இணையுங்கள். டிஐ கனெக்ட் சிஇ-யில் கால்குலேட்டர் எக்ஸ்ப்ளோரர் பகுதியைத் திறந்தால் உங்கள் கருவி தெரியும். கேம் கோப்புகளை இழுத்து அதன் மேல் விடுங்கள். ராமில் வைக்கவா ஆர்க்கைவில் (நிரந்தரச் சேமிப்பில்) வைக்கவா என்று கேட்கும். முதல் கேமுக்கு ராம் என்றே கொடுங்கள். "8எக்ஸ்வி" என்று முடியும் துணைக்கோப்புகள் இருந்தால் அவற்றை ஆர்க்கைவுக்கு அனுப்புங்கள்.

சி மொழியில் எழுதிய கேம்களுக்கு இன்னொன்றும் தேவை. திரையில் படம் வரைவது, பொத்தானைப் படிப்பது போன்ற பொது வேலைகளுக்கான நூலகத் தொகுப்பு அது. "சி-லிப்ஸ்" என்பார்கள். ஒரே கோப்பாகக் கிடைக்கிறது. ஒருமுறை அனுப்பிவிட்டால் எல்லா கேமுக்கும் போதும். கேமைத் திறந்ததும் "லிப்லோடு தேவை" என்ற செய்தி வந்தால், இந்தத் தொகுப்பை இன்னும் அனுப்பவில்லை என்று அர்த்தம்.

பதிப்பு 5.3 அல்லது 5.4 என்றால் பிஆர்ஜிஎம் அழுத்தி, பெயரைத் தேர்ந்து, என்டர் அழுத்தினால் கேம் ஓடும். அதற்கும் பழைய பதிப்பில், செகண்ட், 0 அழுத்திக் கட்டளைப் பட்டியலைத் திறந்து, "ஏஎஸ்எம்" என்ற கட்டளையை எடுத்து, அதன் பின் கேமின் பெயரைச் சேர்க்க வேண்டும்.

5.5.1 அல்லது அதற்கு மேலே இருந்தால்

இதற்கும் ஆர்வலர்கள் வழி கண்டுபிடித்துவிட்டார்கள். ஆர்டிஃபைஸ் என்று பெயர். கால்குலேட்டரில் ஏற்கெனவே உள்ள கேப்ரி ஜூனியர் என்ற வடிவியல் ஆப், ஒரு தனிவகைக் கோப்பைத் திறக்கும்போது, அதன் வழியாக நம் நிரலை ஓடவைக்கலாம் என்பதுதான் முதலில் வந்த உத்தி. எந்தப் பதிப்புக்கு எந்தக் கோப்பு என்று ஆர்டிஃபைஸ் பக்கத்தில் படிப்படியாகச் சொல்லியிருக்கிறார்கள். நீங்கள் குறித்துவைத்த எண் இங்கே உதவும்.

இது ஒன்றும் புதிய பழக்கமல்ல. 1992இல் வந்த டிஐ-85இல் அசெம்பிளி நிரலை ஓட்ட எந்த வசதியும் இல்லை. மாற்றியமைத்த நினைவக பேக்கப் கோப்பு ஒன்றின் மூலம் இசட்ஷெல் என்ற நிரலை உள்ளே கொண்டுவந்து வழி திறந்தார்கள். பின்னால் நிறுவனமே அந்த வசதியைக் கொடுத்தது. இப்போது எடுத்திருக்கிறது, ஆர்வலர்கள் மறுபடி திறந்திருக்கிறார்கள்.

ஆர்டிஃபைஸ் வேலை செய்ததும், சீசியம் என்ற ஷெல்லைப் போட்டுக்கொள்ளுங்கள். கேம்களைப் பட்டியலாகக் காட்டி, ஆர்க்கைவில் இருந்தே நேரடியாக ஓட்டும். பழைய பதிப்பு வைத்திருப்பவர்களும் இதைப் போடலாம்.

எதை முதலில் விளையாடலாம்?

பேட்ரிக் டேவிட்சன் எழுதிய ஃபீனிக்ஸ். விண்கலத்தில் இருந்து எதிரிகளைச் சுடும் கேம். பல தலைமுறை டிஐ கால்குலேட்டர்களில் ஓடியது, சிஇ-யிலும் இருக்கிறது. ஒய்ரம் என்பது குதித்துக் குதித்துத் தாண்டிப் போகும் வகை. கால்குலேட்டர் திரையில் இவ்வளவு சீராக நகருமா என்று வியப்பீர்கள். அப்புறம், மூளைக்கு வேலை வேண்டும் என்றால் கட்டைகளைத் தூக்கி அடுக்கி வழி செய்துகொண்டு போகும் பிளாக் டூட். என்னைக் கேட்டால் இதற்கு ஈடு இல்லை.

கால்குலேட்டரே இல்லாதவர்களுக்கு சிஇஎம்யு என்ற இலவச எமுலேட்டர் உண்டு, அதாவது கணினியில் இந்தக் கால்குலேட்டரைப் போலவே இயங்கும் மென்பொருள். ஆனால் அதற்கு வேண்டிய ரோம் பிம்பத்தை, அதாவது கால்குலேட்டரின் இயங்குதளத்தின் நகலை, சொந்தக் கருவியிலிருந்துதான் எடுக்க வேண்டும். நண்பரின் கருவியிலிருந்து எடுத்ததை வாங்கிப் போடுவது சட்டப்படி சரியல்ல.

உறைந்துபோனால்

கேம் நடுவில் அப்படியே நின்றுவிடலாம். பயப்பட வேண்டாம், கருவி கெட்டுப்போகாது. பின்பக்கம் ஒரு சிறிய துளைக்குள் ரீசெட் பொத்தான் இருக்கிறது. ஊக்கு முனையால் மெல்ல அழுத்துங்கள். ராமில் இருந்தது அழியும், ஆர்க்கைவில் இருந்தது தப்பிக்கும். பாடத்துக்காக எழுதிய நிரல்களையும் நம்முடைய எண் விளையாட்டையும் அதனால்தான் ஆர்க்கைவில் வைக்கச் சொல்கிறேன். செகண்ட், கூட்டல், 2, பிறகு 7 அழுத்தினால் நிரல் பட்டியல் வரும். பெயர் மேல் என்டர் அழுத்தினால் பக்கத்தில் நட்சத்திரக் குறி விழும். அது ஆர்க்கைவுக்குப் போய்விட்டது. பேசிக் நிரலை ஓட்டும் முன் மறுபடி என்டர் அழுத்தி நட்சத்திரத்தை எடுக்க வேண்டும். வேண்டாத கேமை அழிக்க அதே பட்டியலில் டெல் பொத்தான்.

தேர்வுக்கு முன்னால்

இதில் விளையாட்டே கூடாது. சிங்கப்பூரில் ஏ லெவல் கணிதத் தேர்வுக்கு கால்குலேட்டரின் நினைவகத்தை ரீசெட் செய்துவிட்டுத்தான் உட்கார வேண்டும். வேறு சில தேர்வுகளில், அணைத்திருக்கும் கருவியில் இடது அம்பு, வலது அம்பு, ஆன் மூன்றையும் ஒன்றாக அழுத்தி, தேர்வு முறைக்கு மாற்றச் சொல்வார்கள். அப்போது நிரல்கள் மறைந்துவிடும். பிறகு கணினியோடோ இன்னொரு கால்குலேட்டரோடோ இணைத்துக் கோப்பு ஒன்றை அனுப்பினால்தான் அந்த முறையிலிருந்து வெளியே வரலாம். உங்கள் தேர்வின் விதி எது என்று ஆசிரியரிடம் முன்கூட்டியே கேளுங்கள். ரீசெட் செய்யப் போகிறீர்கள் என்றால், முந்தைய நாளே டிஐ கனெக்ட் சிஇ-யைத் திறந்து எல்லாக் கோப்புகளையும் கணினிக்கு இழுத்து வைத்துக்கொள்ளுங்கள். தேர்வு முடிந்ததும் திரும்ப அனுப்பிக்கொள்ளலாம்.