ஸ்லோ குக்கர்ல மெக்சிகன் ரீஃப்ரைடு பீன்ஸ்: பாதி வேலை குக்கருக்கு, பாதி வாணலிக்கு

ரீஃப்ரைடு பீன்ஸுக்கு எல்லாத்தையும் ஸ்லோ குக்கர்ல (மெதுவா வேகவெக்கற கரண்ட் பானை) போடுங்க, எட்டு மணி நேரம் விடுங்க, மசிச்சு எறக்குங்கன்னு நிறைய ரெசிபி சுத்துது. அப்படி செஞ்சா கிடைக்கறது வெறும் பீன்ஸ் மசியல்தான். மெக்சிகோல மண்பானைல வேகவெச்ச பீன்ஸை முதல்ல அந்தத் தண்ணியோடயே கிண்ணத்துல ஊத்தி சாப்பிடுவாங்க, ஃப்ரிஹோலெஸ் தே லா ஓயான்னு பேரு. மிஞ்சினதை அடுத்த வேளைக்கு பன்றிக்கொழுப்புல வதக்கி மசிச்சாதான் ஃப்ரிஹோலெஸ் ரெஃப்ரிதோஸ், அதாவது ரீஃப்ரைடு பீன்ஸ். ஸ்லோ குக்கர் பானை வேலைய அருமையா பாத்துக்கும், வதக்கற வேலைக்கு வாணலிதான் வேணும்.

வடக்கு மெக்சிகோ டைப்னா பின்டோ பீன்ஸ் (ராஜ்மா மாதிரி, பழுப்புப் புள்ளி போட்டது), வேராக்ரூஸ் ஒஹாகா பக்கம்னா கருப்பு பீன்ஸ். இங்க பின்டோ 450 கிராம் எடுத்துக்கலாம். ரொம்ப நாள் டப்பாவுல கெடந்த பீன்ஸ் வேண்டாம், எவ்ளோ வேகவெச்சாலும் நறுக்குன்னே இருக்கும். கல் பொறுக்கி கழுவி, நிறைய தண்ணில ஒரு ஸ்பூன் உப்பு போட்டு ராத்திரி ஊறவைங்க. உப்பு போட்டா வேகாதுன்னு சொல்றத நம்பாதீங்க, உப்புத்தண்ணில ஊறினா தோல் இன்னும் மெத்துன்னு ஆகும். வேகவிடாம தடுக்கறது புளிப்புதான், அதனால தக்காளி எலுமிச்சை எல்லாம் கடைசில.

இப்ப ரொம்ப முக்கியமான விஷயம், இத மட்டும் ஸ்கிப் பண்ணாதீங்க. ஊறின தண்ணிய கொட்டிட்டு புது தண்ணி ஊத்தி, அடுப்புல தளதளன்னு கொதிக்க விடணும். இந்த பீன்ஸ் குடும்பத்துல லெக்டின்னு ஒரு நச்சு இருக்கு, சிவப்பு ராஜ்மால ரொம்ப அதிகம், பின்டோல கம்மி, ஆனா இருக்கு. ஸ்லோ குக்கர் லோ செட்டிங்ல அந்த நச்சு அழியற அளவுக்கு சூடு வராம போகலாம், 80 டிகிரில அரைவேக்காடா நின்னுட்டா வேகவெக்காத பீன்ஸை விட மோசம், வாந்தி பேதி வந்துடும். 10 நிமிஷம் நல்லா கொதிச்சாலே போதும்னு சொல்றவங்க உண்டு, அமெரிக்காவோட உணவு, மருந்து கட்டுப்பாட்டு அமைப்பான எஃப்டிஏ ராஜ்மாவுக்கு 30 நிமிஷம் சொல்லுது, நான் எந்த பீன்ஸா இருந்தாலும் 30தான்.

அந்தத் தண்ணிய வடிச்சுட்டு குக்கர்ல மாத்துங்க, பீன்ஸுக்கு மேல ரெண்டு விரல்கட்டை உயரம் சுடுதண்ணி, இதுல ஆவியா போறது கம்மிங்கறதால அதுக்கு மேல வேண்டாம். பாதி வெங்காயம் முழுசா, நாலு பல் பூண்டு, ஒரு ஹலபேன்யோ மிளகாய், ஒன்றரை டீஸ்பூன் உப்பு. சீரகம் டெக்ஸ்-மெக்ஸ் (டெக்சாஸ் பக்கத்து மெக்சிகன் சமையல்) பழக்கம், பிடிச்சா கொஞ்சம் போடுங்க. மெக்சிகன் கடைல எபசோட்டே கீரை கிடைச்சா கடைசி ஒரு மணி நேரத்துல ஒரு கொத்து. லோல 6லருந்து 8 மணி நேரம், ஹைல 4 மணி நேரம் ஆகும். ஸ்பூன்ல ஒரு பீன்ஸ் எடுத்து ஊதினா தோல் சுருண்டு பிரியணும், நாக்குக்கும் மேலண்ணத்துக்கும் நடுவுல அழுத்தினா கரையணும், பல்லு படவே கூடாது.

குக்கர்ல வெந்த தண்ணிய கொட்டிடாதீங்க, ருசியே அதுலதான். அகலமான கனத்த வாணலில மூணு நாலு டேபிள்ஸ்பூன் பன்றிக்கொழுப்பு, சைவம்னா கடலெண்ணெய் (ரீஃப்ரைடு பீன்ஸை ரெடிமேடா டின்ல வாங்கற சைவக்காரங்க லேபிள் பாத்துக்குங்க, நிறைய பிராண்டுல பன்றிக்கொழுப்பு இருக்கும்). பொடியா நறுக்கின வெங்காயம் பொன்னிறமானதும் ரெண்டு கரண்டி பீன்ஸ், அரை கரண்டி அந்த வெந்த தண்ணி, பருப்பு மத்தாலயே மசிங்க, அப்புறம் அடுத்த ரெண்டு கரண்டி. மொத்தமா கொட்டினா வதங்காது, வெந்துகிட்டே இருக்கும். மிக்ஸி வேண்டாம், பேஸ்ட் ஆயிடும், அங்கங்க முழு பீன்ஸ் தட்டுப்படணும். மிதமான தீல கிளறிகிட்டே இருந்தா ஓரம் பொரிஞ்சு வாசம் மாறும், கரண்டிய இழுத்தா வாணலி அடி தெரிஞ்சு மெதுவா மூடும், அந்த இடத்துல நிறுத்துங்க. ஆறினா இன்னும் இறுகும், அதனால கொஞ்சம் தளர்வாவே எறக்கலாம்.

டோர்ட்டியா (மெக்சிகன் ரொட்டி), டோஸ்டாடா (மொறுமொறுன்னு ஆக்கின டோர்ட்டியா) எல்லாத்துக்கும் ஓகே. என் ஓட்டு மோயேதேஸுக்கு, மெக்சிகோல காலை டிபன் அது, போலியோங்கற அந்த ஊர் பன்ன ரெண்டா பொளந்து இத தடவி மேல சீஸ் போட்டு ஓவன்ல உருக்கி, பீகோ தே காயோ (பொடியா நறுக்கின தக்காளி, வெங்காயம், மிளகாய் கலவை) அள்ளி வெக்கணும். மீதிய வதக்காம வெந்த தண்ணியோடயே ஃப்ரீசர்ல போடுங்க, வேணும்கறப்ப எடுத்து புதுசா வதக்கிக்கலாம்.