திண்ணை எறும்பும் டெல்டா மழையும்: குறி பார்க்கும் முறை

மழை வரும் இடம் பார்த்து முட்டையோடு மேட்டு நிலம் சேரும் எறும்பு வரிசையைப் புறநானூற்றின் 173-ஆம் பாட்டில் பாடியவன் சோழன் கிள்ளிவளவன். அதே வரிசையைத் திண்ணையில் கண்டதும் காயும் நெல்லை அள்ளுகிற வீடுகள் காவிரிக் கரையில் இன்றும் உண்டு.

மழைக்குறி பார்க்க இடம் முக்கியம். வரப்பு எறும்பை நம்பாதீர்கள். மேட்டூர் திறந்து வாய்க்காலில் தண்ணீர் ஓடினாலே வரப்புக்குள் ஈரம் ஊறிப் புற்று நனையும். வெயில் கொளுத்துகிற நாளிலும் எறும்பு மேலேறும். வாய்க்கால் கசிவு எட்டாத திண்ணை, கோயில் மதில், கொட்டகைச் சுவர் ஆகியவற்றைப் பாருங்கள். வாயில் வெள்ளையாக எதையாவது தூக்கிக்கொண்டு கீழிருந்து மேலே போனால்தான் கணக்கு. (நாம் முட்டை என்பது பெரும்பாலும் புழுவும் கூட்டுப்புழுவும்தான்.) வெறும் வாயோடு போகிற சாரி சர்க்கரை டப்பாவுக்குப் போகிறது.

ஈசல் பெரும்பாலும் மழையில் மண் இளகிய பிறகே கிளம்பும். அது பெய்த மழைக்கு ரசீது. தவளை நாற்றங்காலுக்குத் தண்ணீர் கட்டினாலும் கத்தும், இணை தேட அதற்குத் தேங்கிய நீர் போதும். புரட்டாசி, ஐப்பசியில் கூட்டமாகத் திரியும் தட்டான்களில் பல, காற்றோடு கடல் தாண்டி ஆப்பிரிக்கா வரை வலசை போகிறவை. பருவம் மாறுவதைச் சொல்லும். நாளைய மழையைச் சொல்லாது.

சரிபார்க்க ஒரு நோட்டும் மழைமானியும் வேண்டும். வாயும் அடியும் ஒரே அகலமுள்ள, அடி தட்டையான கண்ணாடி ஜாடி போதும். கழுத்து குறுகிய பாட்டில் அளவைக் கெடுக்கும். மில்லிமீட்டர் கோடுகளை ஜாடியின் உள் அடியிலிருந்து தொடங்குங்கள், கண்ணாடித் தடிமன் கணக்கில் சேரக் கூடாது. வாய் தரையிலிருந்து 30 செ.மீ. உயரத்தில் இருந்தால் சேறு தெறிக்காது. தென்னை, கூரை எதுவானாலும் அதன் உயரத்தைப் போல இரு மடங்கு தள்ளி வையுங்கள். தினமும் காலை 8.30-க்கு அளந்து கொட்டுங்கள், 2.5 மி.மீ. எட்டினால் மழை நாள்.

நோட்டில் நேரம், இடம், கண்டது, வாய்க்காலில் தண்ணீர் உண்டா, மறுநாள் அளவு எல்லாம் வேண்டும். பலரும் விடுவது, குறி தென்படாமலே மழை பெய்த நாளை. அதை விட்டால் எறும்பு உள்ளதைவிடக் கெட்டிக்காரனாகத் தெரியும். ஐப்பசியில் மட்டும் எழுதினாலும் இதே கதைதான்: அடைமழைக் காலத்தில் எந்தக் குறியும் பலிக்கும். சித்திரையிலும் ஆவணியிலும் எழுதிப் பாருங்கள்.

அறுப்பு நாளை மட்டும் இதை வைத்துக் குறிக்க வேண்டாம். எறும்பு சரியாகச் சொன்னாலும் கிடைப்பது சில மணி நேரம். அறுப்பு மெஷின் பேசி, அறுத்து, களத்தில் காயவைக்க இரண்டு மூன்று நாள் முன்கூட்டியே தெரிய வேண்டும். அதற்கு வானிலை மையத்தின் அறிவிப்பைத்தான் பார்க்க வேண்டும்.