பேட்ச் வருவதற்கு முன்: தம்புச் செட்டித் தெரு அலுவலகங்களுக்கான இணையப் பாதுகாப்பு

தயாரித்த நிறுவனமே இன்னும் அறியாத, அல்லது அறிந்தும் பேட்ச் (ஓட்டையை அடைக்கும் திருத்தம்) வெளியிடாத மென்பொருள் ஓட்டையை ‘ஜீரோ டே’ என்பார்கள். சென்னைத் துறைமுகத்தை நம்பித் தம்புச் செட்டித் தெருவில் பத்துக் கணினிகளுடன் இயங்கும் சுங்க முகவர் அலுவலகத்தால் அதை முன்கூட்டிக் கண்டுபிடிக்க இயலாது. ஆனால் அதன் வழியே நுழைந்தவன் எவ்வளவு தூரம் போகலாம் என்பதை அந்த அலுவலகமே தீர்மானிக்கலாம்.

முதலில், இணையத்திலிருந்து நேரடியாக எட்டக்கூடிய ஃபயர்வால் (இணையப் போக்குவரத்தை வடிகட்டும் காவல் சாதனம்), விபிஎன் (வெளியிலிருந்து அலுவலக நெட்வொர்க்குக்குள் நுழையும் மறையாக்கப்பட்ட வழி), ரிமோட் டெஸ்க்டாப் (தொலைவிலிருந்து கணினியை இயக்கும் வசதி) ஆகியவற்றைப் பட்டியலிடுங்கள். ரிமோட் டெஸ்க்டாப்பை இணையத்துக்குத் திறந்து வைக்கவே கூடாது. ஃபயர்வாலின் நிர்வாகப் பக்கம் அலுவலகத்துக்குள்ளிருந்து மட்டுமே திறக்க வேண்டும். பேட்ச் தாமதமாகி, தற்காலிக மாற்று வழியைத் தயாரிப்பாளர் அறிவித்தால் அன்றைக்கே அதைச் செய்துவிடுங்கள்.

பலர் கவனிக்காமல் விடுவது வெளியே போகும் வழியை. பல மென்பொருள்களுக்குள் பயன்படும் லாக்4ஜே என்ற ஜாவா நிரல்தொகுப்பில் 2021 டிசம்பரில் வெளிப்பட்ட ஓட்டையில், பாதிக்கப்பட்ட சர்வர் தானாகவே தாக்குபவரின் சர்வரைத் தொடர்புகொண்டு தீய நிரலை இறக்கிக்கொள்வதே பரவலான தாக்குதல் முறையாக இருந்தது. வெளித் தொடர்பு அடைக்கப்பட்டிருந்த சர்வரில் அந்த முறை பலிக்காது. ஆகவே, அலுவலகக் கணக்குகளைச் சேமித்து வைத்திருக்கும் சர்வருக்குத் தேவையான இரண்டு மூன்று முகவரிகளை மட்டும் அனுமதித்து, மற்றவற்றைத் தடுத்துவிடுங்கள். பில் ஆஃப் என்ட்ரி (இறக்குமதிச் சுங்க அறிவிப்பு) தாக்கல் செய்யும் கணினிகள், சிசிடிவி, வருகையாளர் வைஃபை ஆகியவை தனித்தனி நெட்வொர்க்கில் இருக்கட்டும். அன்றாட வேலைக்கு அட்மின் உரிமை (கணினியின் அமைப்புகளை மாற்றும் முழு அதிகாரம்) எவருக்கும் வேண்டாம், முதலாளிக்கும்கூட.

குறிவைத்துத் தாக்குபவர் உங்கள் சரக்கையும் கட்சிக்காரரையும் அறிந்துகொண்டே கடிதம் எழுதுவார். கப்பல் நிறுவனத்தின் வங்கிக் கணக்கு மாறிவிட்டதாக மின்னஞ்சல் வந்தால், அதிலுள்ள எண்ணை அழைக்காமல், உங்கள் பழைய பதிவேட்டிலுள்ள எண்ணை அழைத்துக் கேளுங்கள்.

2017 ஜூனில் நாட்பெட்யா என்ற தீய நிரல் தாக்கியபோது கப்பல் நிறுவனமான மெர்ஸ்க் குழுமத்தின் மும்பை முனையமும் முடங்கியது. அந்நிறுவனத்தின் பயனர் கணக்குகளைத் தாங்கும் முக்கியத் தரவு, மின்தடையால் அணைந்திருந்த கானா நாட்டுச் சர்வர் ஒன்றில்தான் மிஞ்சியது. மின்தடையை நம்பியிராமல், பேக்கப் ஒன்றை வாரந்தோறும் எடுத்து, கேபிளைக் கழற்றிப் பூட்டி வையுங்கள். மாதம் ஒருமுறை அதிலிருந்து கோப்புகளை மீட்டும் பாருங்கள்.

2022 ஏப்ரல் 28 அன்று இந்திய அரசின் இணையப் பாதுகாப்பு அமைப்பான செர்ட்-இன் வெளியிட்ட உத்தரவின்படி, தாக்குதலை அறிந்த 6 மணி நேரத்துக்குள் அதற்குத் தெரிவிக்க வேண்டும். லாக்குகளை (கணினிகளின் செயல்பாட்டுப் பதிவுகளை) 180 நாட்கள் வைத்திருக்க வேண்டும். செர்ட்-இன், வங்கி, கணினிப் பராமரிப்பாளர் ஆகியோரின் எண்களைத் தாளில் எழுதிச் சுவரில் ஒட்டிவையுங்கள். அந்த நேரத்தில் கணினி எதுவும் திறக்காமல் போகலாம்.