ஆறு பிள்ளைகள், ஆறு கீபோர்டுகள்: குழுவாகப் பியானோ சொல்லித் தருவோர் தவிர்க்க வேண்டிய தவறுகள்

ஒரு மணி நேர வகுப்பு, ஆறு பிள்ளைகள். மாஸ்டர் ஒரு பிள்ளையிடம் போய்ப் பாடம் கேட்கிறார், திருத்துகிறார், அடுத்த பிள்ளையிடம் நகர்கிறார். ஆளுக்குப் பத்து நிமிடம். மீதி ஐம்பது நிமிடமும் அந்தப் பிள்ளை என்ன செய்கிறது? தப்பான விரலிலேயே அதே நான்கு பாரை (தாளக் கட்டத்தை) திரும்பத் திரும்ப அடித்து, தப்பை நன்றாக மனப்பாடம் செய்கிறது. இல்லாவிட்டால் கீபோர்டில் நாய் குரைக்கும் சத்தம் எந்த எண்ணில் இருக்கிறது என்று தேடுகிறது.

குழு வகுப்பில் நடக்கும் தவறுகளில் பாதி இங்கேதான் முளைக்கின்றன. தனி வகுப்பை ஆறு கூறு போட்டால் ஒவ்வொரு கூறும் பசிக்குப் போதாது. குழுவில் மட்டுமே கிடைக்கும் பலன் ஒன்று உண்டு: பக்கத்தில் இருப்பவர் வாசிப்பதைக் காதில் வாங்கியபடியே தாளம் தவறாமல் தன் பங்கை வாசிக்கும் பழக்கம். வீட்டில் தனியாக எத்தனை மணி நேரம் உட்கார்ந்தாலும் இது வராது. பாடத்தை இதைச் சுற்றித்தான் கட்ட வேண்டும்.

மேசை, நாற்காலி, இடம்

வீட்டு மேசையின் உயரம் ஏறக்குறைய 75 செ.மீ. அதன்மேல் கீபோர்டை வைத்தால் கீயின் மேற்பரப்பு தரையிலிருந்து 83 செ.மீ. அளவுக்குப் போய்விடும். உண்மையான பியானோவில் அது 73 செ.மீ.க்கு அருகில்தான் இருக்கும். இந்தப் பத்து செ.மீ. வித்தியாசத்தில் எட்டு வயதுப் பிள்ளையின் தோள் காதுவரை ஏறுகிறது, மணிக்கட்டு தொங்குகிறது, விரலின் நுனிக் கணு உள்ளே குழிகிறது. பிறகு ஆறு மாதம் "கையை வளைத்து வை" என்று சொல்லிக்கொண்டே இருக்க வேண்டியதுதான். உயரம் மாற்றக்கூடிய ஸ்டாண்டை வாங்கி, முழங்கை கீயின் மட்டத்துக்கு ஒரு விரல்கடை மேலே இருக்கும்படி அமையுங்கள். பிளாஸ்டிக் நாற்காலி தாழ்வாக இருந்தால் இரண்டை ஒன்றின்மேல் ஒன்றாக அடுக்கலாம். கால் அந்தரத்தில் தொங்கக் கூடாது. பாதத்துக்கு அடியில் ஒரு மணைப்பலகை போதும்.

கை வடிவம் பற்றிய கவலை புதிதல்ல. டப்ளினில் வாழ்ந்த யோஹான் பெர்ன்ஹார்ட் லோஜியர், பல பியானோக்களை ஒரே அறையில் வைத்துக் குழுவாகச் சொல்லிக்கொடுத்தவர். கையைச் சரியான நிலையில் பிடித்துவைக்க 'கைரோபிளாஸ்ட்' என்ற ஒரு சட்டத்துக்கே 1814இல் காப்புரிமை வாங்கினார். ஆனால் சட்டத்துக்குள் அடைத்த கை சட்டத்துக்குள்தான் ஒழுங்காக இருக்கும். புறங்கையில் நாணயம் வைத்து வாசிக்கச் சொல்லும் பழக்கத்துக்கும் இதே குறைதான்: நாணயம் விழாதிருக்கப் பிள்ளை மணிக்கட்டை இறுக்கிக்கொள்கிறது. உயரத்தைச் சரிசெய்துவிட்டு, குனிந்து கீயின் மட்டத்தில் கண்ணை வைத்துப் பக்கவாட்டிலிருந்து பாருங்கள். குழிந்த கணு எதிரிலிருந்து பார்த்தால் தெரியாது.

அதனால்தான் பள்ளிக்கூடம்போல வரிசையாக ஆசிரியரைப் பார்த்து உட்காரவைப்பதும் தவறாகிறது. முகம் தெரியும், கை தெரியாது. 61 கீ உள்ள கீபோர்டு 95 செ.மீ. அகலம் இருக்கும், முழங்கைக்கும் சேர்த்து ஆளுக்கு 120 செ.மீ. விடவேண்டும். 10க்கு 12 அடி அறையில் நீளமான சுவர் ஒவ்வொன்றையும் பார்த்தபடி மூன்று பேர், ஆக ஆறு பேர். நடுவில் ஆசிரியர் நடக்க முக்கால் மீட்டருக்குச் சற்று மேலே வழி மிஞ்சும். வாசிக்கும்போது சுவரைப் பார்ப்பார்கள், விளக்கும்போது நடுப்பக்கம் திரும்புவார்கள். அந்த அறைக்கு ஏழாவது ஆளைச் சேர்க்காதீர்கள்.

வகுப்புக்கு முன் ஐந்து நிமிடம்

எல்லாரும் சேர்ந்து வாசிக்கிறார்கள், எங்கோ கரகரவென்று முட்டுகிறது. மூன்றாவது கீபோர்டில் இருக்கும் பிள்ளையைப் பார்த்து "தப்பா வாசிக்கிறே" என்கிறோம். அது சரியாகத்தான் வாசிக்கிறது. முந்தைய பேட்சில் யாரோ டிரான்ஸ்போஸ் பட்டனை அழுத்தி இரண்டு அரைச்சுரம் ஏற்றிவிட்டுப் போயிருக்கிறார்கள். சி-யை அழுத்தினால் டி கேட்கிறது. தன் காதையே நம்பாமல் போகும் அளவுக்கு ஒரு பிள்ளையைக் குழப்ப இதைவிட எளிய வழி இல்லை. ஒவ்வொரு பேட்சுக்கும் முன்பு எல்லாக் கீபோர்டையும் அணைத்துப் போடுங்கள். பெரும்பாலான மாடல்களில் இந்த அமைப்பு பழைய நிலைக்குத் திரும்பிவிடும். பிறகு நடு சி-யை வரிசையாக அழுத்திக் காதால் சரிபாருங்கள். டச் ரெஸ்பான்ஸ் (அழுத்தும் வேகத்துக்கேற்ப ஒலி கூடிக் குறைவது) ஆன் ஆகியிருக்கிறதா, ஸ்ப்ளிட் (இடப்பக்கத்துக்கும் வலப்பக்கத்துக்கும் வெவ்வேறு ஒலி வைப்பது) ஆஃப் ஆகியிருக்கிறதா என்பதையும் கையோடு பார்த்துவிடலாம்.

பெடலை மிதித்தபடியே கீபோர்டை ஆன் செய்தால் சில மாடல்களில் பெடல் தலைகீழாக வேலை செய்யும்: காலை எடுத்தால் சத்தம் நீளும், மிதித்தால் நிற்கும். கால் படாமல் மறுபடி ஆன் செய்தால் சரியாகிவிடும். அடாப்டர்களைக் கலக்கவே கூடாது. காஸியோவின் பல மாடல்கள் 9.5 வோல்ட், யமஹாவின் பல மாடல்கள் 12 வோல்ட். பிளக் நுழைந்துவிட்டாலும், மாற்றிச் செருகினால் கருவியே போய்விடலாம். அடாப்டரிலும் கீபோர்டிலும் ஒரே நிறத்தில் டேப் ஒட்டிவைத்தால் இந்தத் தலைவலி தீர்ந்தது.

ஹெட்ஃபோன்

ஹெட்ஃபோன் இருக்கிறதென்று வகுப்பு முழுவதும் மாட்டிவிட்டால் ஆறு தனித்தனித் தீவுகள்தான் மிஞ்சும். தனிப்பயிற்சிக்கு மட்டும், ஒரு தடவைக்கு ஏழெட்டு நிமிடம் போதும். அந்த நேரத்தில் கத்திப் பேசாதீர்கள். விளக்கை ஒருமுறை அணைத்துப் போட்டால் ஹெட்ஃபோன் கழுத்துக்கு இறங்க வேண்டும் என்று முதல் வாரத்திலேயே பழக்குங்கள். இரண்டு பேர் கேட்கும்படியான ஒய் வடிவ ஸ்ப்ளிட்டர் ஒவ்வொரு கீபோர்டிலும் இருந்தால், ஆசிரியர் தன் ஹெட்ஃபோனைச் செருகி யாருக்கும் தொந்தரவில்லாமல் கேட்கலாம். 6.3 மி.மீ. ஜாக்குக்கு மாற்றும் பிளக் வாங்கும்போது அது ஸ்டீரியோவா என்று பார்த்து வாங்குங்கள். மோனோ என்றால் ஒரு காதில்தான் கேட்கும்.

சீராக டிக் டிக் என்று தாளம் காட்டும் மெட்ரோனோமிலும் இதே கதை. ஆறு கீபோர்டிலும் அதனதன் மெட்ரோனோமை ஓடவிட்டால் ஒன்றோடொன்று ஒருநாளும் சேராது. ஒரே மெட்ரோனோம், ஒரு ஸ்பீக்கரில், எல்லாருக்கும் பொதுவாக. கீபோர்டுகளின் ஒலி அந்த டிக் சத்தத்தை மூழ்கடிக்காத அளவில், மூன்றில் ஒரு பங்கில் இருக்கட்டும்.

நிறுத்திவிட்டு முதலிலிருந்து வாசிப்பது

இதுதான் தவறுகளிலேயே ஆழமாக வேரோடுவது. ஐந்தாவது பாரில் ஒரு நோட் தவறுகிறது. பிள்ளை கையை எடுத்துவிட்டு முதல் பாருக்குப் போகிறது. விளைவு, முதல் நான்கு பார் நூறு தடவை வாசிக்கப்பட்டிருக்கும், ஐந்தாவது ஐந்து தடவை. அதைவிட மோசம், தவறினால் நிறுத்த வேண்டும் என்பது கைக்குப் பழக்கமாகிறது. மேடையிலோ தேர்விலோ அதே இடத்தில் கை தானாக நிற்கும்.

இந்தப் பழக்கத்தை முறிப்பதற்குக் குழுவைப்போல உதவுவது வேறில்லை, ஏனென்றால் மற்ற ஐந்து பேரும் நிற்கமாட்டார்கள். ஓடும் பஸ்ஸில் ஏறுவதுபோல என்று சொன்னால் பிள்ளைகளுக்குச் சட்டென்று புரியும்: போன பாரை விட்டுவிடு, அடுத்த பாரின் முதல் பீட்டில் ஏறிக்கொள். இதைத் தனியாகவே பழக்க வேண்டும். மெட்ரோனோம் 60இல் (நிமிடத்துக்கு 60 தட்டு) வைத்து எட்டு பார் வாசிக்கச் சொல்லுங்கள். நடுவில் ஒருவர் பெயரைச் சொன்னதும் அவர் கையை மடியில் வைக்க வேண்டும். மனத்துக்குள் எண்ணி, இரண்டு பார் கழித்துச் சரியாக உள்ளே வரவேண்டும். முதல் வாரம் பாதிப் பேர் தவறவிடுவார்கள். அவர்கள் எண்ணுவதை விட்டுவிட்டு அடுத்தவர் கையைப் பார்த்துக்கொண்டிருந்தார்கள் என்பது அப்போது வெளிச்சமாகும்.

எதிர்ப்பக்கத் தவறும் உண்டு. எல்லாரும் எப்போதும் சேர்ந்தே வாசித்தால் சிலர் கூட்டத்தோடு கோவிந்தா போட்டுவிடுவார்கள். கை அசையும், பாதி நோட் இருக்காது. ஆளுக்கு இரண்டு பார் என்று தொடர் ஓட்டமாக வாசிக்கவையுங்கள், இடையில் தாளம் நிற்கக் கூடாது. இரண்டே நிமிடத்தில் ஆறு பேரின் நிலையும் தெரிந்துவிடும், யாரையும் தனியாக எழுப்பிக் கூச்சப்படுத்தவும் தேவையிருக்காது.

தாளத்தை வாயில் ஏற்றாமல் கீயில் ஏற்றுவது

தாளக் கணக்கு வாயில் நிற்பதற்கு முன்பு விரலை வைக்கவிடாதீர்கள். ஒரு தட்டுக்கான நோட் கிராட்செட், அதில் பாதி குவேவர், கால் செமிகுவேவர்; இந்தப் பெயர்கள் ஒரு பிள்ளைக்கு நீளத்தைச் சொல்வதில்லை. நம் சொற்கட்டு சொல்லும். ஒரு கிராட்செட்டுக்கு 'தா', இரண்டு குவேவருக்கு 'தக', நான்கு செமிகுவேவருக்கு 'தகதிமி', ஒரு தட்டில் மூன்றாக வரும் டிரிப்லெட்டுக்கு 'தகிட'. முக்கால் தாளத்துக்கும் ஆறு-எட்டுத் தாளத்துக்கும் உள்ள வித்தியாசத்தைப் பலகையில் எழுதி விளக்கினால் அரை மணி நேரம் ஆகும். 'தக தக தக' என்று மூன்று தட்டு, 'தகிட தகிட' என்று இரண்டு தட்டு. இரண்டிலும் ஆறு அட்சரம்தான், அழுத்தம் எங்கே விழுகிறது என்பதுதான் வேறு. அறையில் மூன்று பேர் அதையும் மூன்று பேர் இதையும் ஒரே நேரத்தில் தட்டினால் காதே பாடம் சொல்லிவிடும்.

எல்லாருக்கும் ஒரே பங்கு

வேகமாகப் படிக்கும் பிள்ளையைக் காக்கவைப்பதும் மெதுவாகப் படிக்கும் பிள்ளையை இழுத்துக்கொண்டு ஓடுவதும் ஒரே தவறின் இரண்டு முகங்கள். பாட்டு ஒன்றாக இருக்கட்டும், பங்கு மூன்றாக இருக்கட்டும். சி, எஃப், ஜி7 கார்டுகளில் (சேர்த்து அழுத்தும் சுரக் கூட்டுகளில்) அமைந்த எட்டு பார் மெட்டு என்று வையுங்கள். முதல் பங்கு: இடக்கையில் பாருக்கு ஒரே நோட், கார்டின் அடிச்சுரம் மட்டும். இரண்டாவது: வலக்கையில் மெட்டு. மூன்றாவது: மெட்டோடு இடக்கையில் கார்டு. அந்தக் கார்டுகளையும் அடிச்சுரம் கீழே வரும் அடிநிலையிலேயே தாவித் தாவிப் பிடிக்கச் சொல்லாதீர்கள். சி-ஈ-ஜி (விரல் எண் 5-3-1; கட்டைவிரல் 1, சுண்டுவிரல் 5), சி-எஃப்-ஏ (5-2-1), கீழ் பி-எஃப்-ஜி (5-2-1) என்று அமைத்தால் கை இடத்தைவிட்டு நகரவே வேண்டாம். அடுத்த வாரம் பங்குகளை மாற்றிக் கொடுங்கள். அடிச்சுரம் வாசித்தவருக்கு மெட்டு ஏற்கெனவே காதில் ஏறியிருக்கும்.

விரல் எண்ணும் சுரப் பெயரும்

இரண்டு கையிலும் கட்டைவிரல்தான் 1. வகுப்பின் முதல் நாளே இதைக் கையை உயர்த்திக் காட்டிப் பழக்காவிட்டால் இடக்கையில் சுண்டுவிரலை 1 என்று எண்ணும் பிள்ளை ஒன்றாவது இருக்கும். சி மேஜர் ஸ்கேல் வலக்கையில் 1-2-3-1-2-3-4-5, இடக்கையில் 5-4-3-2-1-3-2-1. கறுப்புக் கீ இல்லாததால் இதுவே எளிது என்று நினைக்கிறோம். படிப்பதற்கு எளிது, கைக்கு அல்ல. தட்டையான தளத்தில் கட்டைவிரலை அடியில் நுழைப்பது கடினம். பியானோ மேதை ஷோப்பான் தன் மாணவர்களுக்கு பி மேஜரை முதலில் கொடுத்தது இதனால்தான்: நீளமான விரல்கள் கறுப்புக் கீயில் இயல்பாக உட்கார, கட்டைவிரலுக்கு வழி கிடைக்கிறது. நோட் பார்த்துப் படிக்கவைக்காமல், கையைக் காட்டி பி மேஜரையும் சேர்த்தே சொல்லிக்கொடுக்கலாம்.

பாட்டு கிளாஸுக்கும் போகும் பிள்ளைகளிடம் வேறொரு சிக்கல். சி-க்கு 'ச', டி-க்கு 'ரி' என்று கீயில் எழுதி ஒட்டிவிடுகிறோம். சி மேஜர்வரை ஓடும். ஜி மேஜர் வந்ததும் 'ச' எங்கே என்று பிள்ளை திகைக்கும், ஏனென்றால் ச நகரும், சி நகராது. பாட்டு கிளாஸில் கேட்ட 'கட்டை'யே இங்கே கைகொடுக்கும்: சி என்றால் ஒரு கட்டை, டி இரண்டு, ஜி ஐந்து. ஐந்து கட்டையில் சங்கராபரணம் பாடினால் அதுதான் ஜி மேஜர். நி-க்கு எஃப் ஷார்ப் தேவை என்பதைத் தொண்டையே கண்டுபிடிக்கும். ஒட்டிய எழுத்துகளை நான்கு வாரத்துக்குள் உரித்துவிடுங்கள்.

பேட்சும் தேர்வும்

ஓடிக்கொண்டிருக்கும் பேட்சில் மாத நடுவில் புதிய பிள்ளையைச் சேர்ப்பது வருமானத்துக்கு நல்லது, வகுப்புக்குக் கெடுதல். சேர்த்தே ஆகவேண்டும் என்றால் மூன்று நான்கு தனி வகுப்புகள் எடுத்து, முதல் பங்கு வாசிக்கும் அளவுக்குத் தேற்றிவிட்டு உள்ளே விடுங்கள்.

லண்டன் டிரினிட்டி கல்லூரியின் இசைத் தேர்வுக்குப் பிள்ளைகளை அனுப்பினால், பியானோ, எலக்ட்ரானிக் கீபோர்டு இரண்டும் தனித்தனிப் பாடத்திட்டம் என்பதைப் பெற்றோரிடம் முதலிலேயே சொல்லுங்கள். ஆட்டோ தாளத்தோடு ஒற்றைவிரல் கார்டில் இரண்டு வருடம் பழகிய பிள்ளையைப் பியானோ தேர்வில் உட்காரவைத்தால் இடக்கை பரிதவிக்கும். நேரடித் தேர்வில் மூன்று பாட்டுக்குத் தலா 22, டெக்னிகல் ஒர்க் (ஸ்கேல் முதலிய பயிற்சிகள்) 14, துணைத் தேர்வு இரண்டுக்குத் தலா 10, தேர்ச்சிக்கு 60. பாட்டுக்கு 16 வீதம் வாங்கினால் 48தான். மீதி 12ஐ ஸ்கேலிலும் துணைத் தேர்விலும் எடுக்க வேண்டும். ஆனால் ஆறு மாதமும் மூன்று பாட்டிலேயே போய், கடைசி இரண்டு வாரத்தில் இவற்றைத் திணிக்கிறோம். துணைத் தேர்வுகளில் ஒன்றான காதுப்பயிற்சி குழுவில்தான் நன்றாக நடக்கும்: ஒருவர் வாசிக்க, மற்றவர்கள் கண்ணை மூடி மேஜரா மைனரா என்று விரலால் காட்டலாம். வாரம் ஐந்து நிமிடம் போதும், முதல் வாரத்திலிருந்தே.

வீட்டுப் பாடத்தை "பிராக்டிஸ் பண்ணிட்டு வா" என்று விட்டுவிடாதீர்கள். நோட்டில் எழுதிக் கொடுங்கள்: 5 முதல் 8 வரையுள்ள பார், வலக்கை 3 தடவை, இடக்கை 3 தடவை, சேர்த்து 2 தடவை, மெட்ரோனோம் 60. தவறாமல் வந்தால் மட்டும் 64. பெற்றோர் இசை தெரியாதவராக இருந்தாலும் இதைப் பார்த்து எண்ண முடியும்.